எதிரணி சொன்னவை

குறை கண்டுபிடிப்பதுதான் என் பிழைப்பு. இருபத்திரண்டு வருஷமாக சாஃப்ட்வேர் டெஸ்டர். மற்றவர்கள் எழுதிய புரோகிராமைக் கையில் வாங்கி, அது எங்கே உடையும் என்று தட்டித் தட்டிப் பார்த்து, உடைந்த இடங்களையெல்லாம் பட்டியல் போட்டு அனுப்புவேன். ஒவ்வொரு குறைக்கும் ஒரு நம்பர் உண்டு. அது எவ்வளவு மோசம் என்பதற்கு ஒன்றிலிருந்து நான்கு வரை ஒரு தரம் உண்டு, ஒன்று என்றால் படுமோசம். கடைசிக் கட்டத்தில் அதன் நிலைமையை எழுத வேண்டும். இன்னும் சரியாகவில்லை என்றால் 'ஓப்பன்'. சரி செய்து, நானும் பார்த்து ஒப்புக்கொண்டால் 'க்ளோஸ்டு'. மூன்றாவதாக ஒன்று இருக்கிறது, 'வோன்ட் ஃபிக்ஸ்'. குறை இருப்பது உண்மைதான், ஆனால் அதைச் சரி செய்யப் போவதில்லை, இனி அதோடு வாழ்ந்துகொள்ள வேண்டியதுதான் என்று அர்த்தம். அதற்கு மட்டும் டெஸ்டர் கையெழுத்துப் போட்டுத்தர வேண்டும். நான் சுலபத்தில் போட்டதில்லை. என் மெயிலைத் திறப்பதற்கு முன் ஆபீஸ் பையன்கள் எழுந்து போய்க் காபி எடுத்துக்கொண்டு வருவார்கள் என்று ஒருமுறை காதில் விழுந்தது. எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது.

என் மகன் ஃபுட்பால் ஆடினான். இந்த ஊர் ஃபுட்பால், அதாவது அமெரிக்க ஃபுட்பால், காலால் தொடுவது அபூர்வம். அதிலும் அவன் பிடித்துக்கொண்ட இடம் லாங் ஸ்னாப்பர். ஆட்டத்தில் பந்தை உதைக்க வேண்டிய நேரம் வரும்போது மட்டும் இவனை உள்ளே அனுப்புவார்கள். இவன் குனிந்து, தலையைக் கால்களுக்கு நடுவில் விட்டுப் பார்த்து, பதினைந்து கஜம் பின்னால் நிற்பவனுக்குப் பந்தை எறிவான். அவன் பிடித்து உதைப்பான். இவன் வெளியே வந்துவிடுவான். ஓர் ஆட்டத்தில் பத்துத் தடவை இருந்தால் அதிகம். சரியாக எறிந்தால் இவன் பெயர் யாருக்கும் தெரியாது. தப்பாக எறிந்தால் ஊரே தெரிந்துகொள்ளும்.

டெக்ஸாஸில், சுகர் லேண்டில் எங்கள் வீட்டுப் பின்பக்க வேலியில் ஒரு பலகை மட்டும் வேறு நிறத்தில் இருக்கும். ஹைஸ்கூல் படிக்கும்போது அவன் அங்கே சாக்பீஸால் ஒரு வட்டம் போட்டுக்கொண்டு, தினமும் சாயங்காலம் குனிந்து குனிந்து எறிவான். டொப், டொப் என்று சத்தம் வரும். பலகை பிளந்து, குடியிருப்புச் சங்கமான ஹெச்.ஓ.ஏ.விலிருந்து கடிதம் வந்தது. அடுத்தவர்கள் பிள்ளைகள் ரோபாட்டிக்ஸ் கோப்பையோடு போட்டோ எடுத்துக்கொண்டிருக்க, என் பிள்ளை வேலியை உடைத்துக்கொண்டிருந்தான். நான் அவனிடம் அன்பாகப் பேசிய அப்பன் என்று யாரும் சொல்ல மாட்டார்கள், நானும் சொல்லிக்கொள்ளவில்லை.

கல்லூரியும் ஃபுட்பாலை வைத்துத்தான் தேர்ந்தெடுத்தான். வீட்டிலிருந்து நாலு மணி நேர டிரைவ். பருத்தி வயலுக்கு நடுவே ஒரு சின்ன ஊர், அதைவிடச் சின்னக் கல்லூரி. முதல் வருஷ லீவுக்கு வந்தபோது சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து ஒரு கதை சொன்னான். அவன் எங்களிடம் பேசுவதில் பாதிக்கு மேல் இங்கிலீஷாக இருக்கும், நான் தமிழில் எழுதிக்கொள்கிறேன்.

நூறு வருஷத்துக்கும் முன்னால் அந்தக் கல்லூரியில் மொத்தமே பன்னிரண்டு பேர்தான் ஃபுட்பால் ஆட வந்தார்களாம். தலைக்குக் கவசம் கிடையாது, கம்பளி ஸ்வெட்டர்தான் உடுப்பு. முதல் ஆட்டத்துக்கு முன்னால் பக்கத்து ஊர்ப் பத்திரிகை ஆசிரியர், 'பாதிரி வேலைக்குப் படிக்கும் பிள்ளைகள், அழுதால் கண்ணைத் துடைக்க அம்மாக்களையும் கூட்டி வரட்டும்' என்று எழுதினார். ஆட்டத்தில் தோற்றுத்தான் போனார்கள். கேப்டன் அந்தப் பத்தியைக் கத்தரித்து, உடுப்பு மாற்றும் குதிரைக் கொட்டகைச் சுவரில் மாவுப் பசை தடவி ஒட்டினான். அதற்குப் பிறகு எந்த ஊர்க்காரன் எதைக் கேவலமாகச் சொன்னாலும் அது சுவருக்கு வந்தது. மைதானத்துக்குப் போவதற்கு முன் ஒவ்வொருவனும் அதைப் படித்து, உள்ளங்கையால் ஓர் அறை அறைந்துவிட்டுப் போவான். ஒருவனுக்குக் கால் போனது, இன்னொருவன் உடைந்த தாடையோடே ஆடினான். மிச்சமிருந்தவர்கள் ஜெயித்துக்கொண்டே போனார்கள். கடைசி ஆட்டம் மறுபடி அதே பக்கத்து ஊரோடு. அதையும் ஜெயித்த கையோடு, உடைந்த மூக்கில் ரத்தம் காயாமல், கேப்டன் நேராகப் பத்திரிகை ஆபீசுக்கு நடந்தான். ஒட்டிய காகிதத்தில் எல்லோரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். ஆசிரியர் கையில் கொடுத்து, 'இது உங்களுடையது' என்று சொல்லிவிட்டுத் திரும்பினான்.

"இப்பவும் அப்படித்தான்ப்பா பண்றோம். எதிர் டீம் சொன்னதை wall-ல ஒட்டுவோம். Season முடிஞ்சதும் சொன்னவங்களுக்கே return பண்ணிடுவோம், எல்லாரும் sign போட்டு" என்றான். பிறகு, எனக்குப் பிடிக்கும் என்று நினைத்தானோ என்னவோ, "அந்த captain யார் தெரியுமா? Center. பந்தைப் பின்னாடி குடுக்கிறவன். என் வேலைதான்" என்றான்.

நான் ரசம் ஊற்றிக்கொண்டிருந்தேன். "எவனோ எழுதினதை வெட்டி ஒட்டிட்டு, அதையே பார்த்துப் பார்த்து அழுதானுங்களாக்கும்? உருப்படற வேலையைப் பாரு" என்றேன். அவன் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்து போனான். என் மனைவி என்னைப் பார்த்துவிட்டு அவன் பின்னாலேயே போனாள். அவள் பெரும்பாலும் அப்படித்தான்.

கடைசி வருஷ சீசன் தொடங்கியபோது, நான் பட்டியல் போட ஆரம்பித்தேன். கல்லூரிக்காரர்கள் ஆட்டத்தை நெட்டில் காட்டுவார்கள். சனிக்கிழமை மத்தியானம் சாப்பிட்டுவிட்டு டிவி முன்னால் லேப்டாப்போடு உட்கார்ந்தால், அவன் வரும் இடங்களை மட்டும் நிறுத்தி, பின்னால் ஓட்டி, மெதுவாக்கிப் பார்ப்பேன். ஸ்ப்ரெட்ஷீட் திறந்து நம்பர் போடுவேன். முதல் ஆட்டத்திலேயே பன்னிரண்டு குறை. முதலாவது: 'எறியும்போது தலையைச் சீக்கிரம் தூக்குகிறாய். தரம் ஒன்று.' இரண்டாவது: 'பந்து வலது பக்கம் ஓர் அடி விலகுகிறது. தரம் ஒன்று.' இப்படியே போகும். அவனுக்குத் தமிழ் படிக்கத் தெரியாது என்பதால் எல்லாவற்றையும் இங்கிலீஷில் எழுதி ஞாயிற்றுக்கிழமை காலையில் மெயிலில் அனுப்பிவிடுவேன். பதிலுக்கு ஒரு கட்டைவிரல் படம் வரும்.

இது நான் அவன்மேல் காட்டிய அக்கறை என்றே நினைத்தேன். இன்றும் பாதி அப்படித்தான் நினைக்கிறேன். மற்ற அப்பாக்கள் தொண்டை கிழியக் கத்திவிட்டு வீட்டுக்குப் போய்த் தூங்குகிறார்கள். அவர்களில் எவன் தன் பிள்ளையின் கழுத்து எத்தனை டிகிரி திரும்புகிறது என்று பார்த்தான்?

என் மனைவி வேறு மாதிரி. ஃப்ரீவேயில் சேர வேண்டிய இடம் வந்தாலே ஸ்டியரிங்கை இறுகப் பிடித்துக்கொண்டு முருகனைக் கூப்பிடுகிறவள். அந்த வருஷம், அவர்கள் ஊரில் ஆட்டம் இருந்த ஒவ்வொரு வாரமும், பெரிய டப்பாவில் எலுமிச்சை சாதம் கட்டி எடுத்துக்கொண்டு தனியாக நாலு மணி நேரம் ஓட்டிப் போனாள். "நீங்களும் வாங்களேன், ஒரு தடவை" என்பாள். "டிவிலதான் நல்லாத் தெரியுது. அங்க வந்து உக்காந்தா replay கிடையாது" என்பேன். அவள் பத்தாவது வாரம்வரை கேட்டுக்கொண்டேதான் இருந்தாள்.

செப்டம்பர் முடிவதற்குள் அவன் தேறிவிட்டான். தலையைத் தூக்குவது நின்றது. பந்து நேராக, ஒவ்வொரு தடவையும் உதைப்பவனின் இடுப்புக்கே போய்ச் சேர்ந்தது. ஐந்தாவது ஆட்டத்தை மூன்று தடவை ஓட்டிப் பார்த்தேன், எறிவதில் ஒரு குறையும் அகப்படவில்லை. வேறொருவன் என்றால் அத்தோடு விட்டிருப்பான். ஆனால் டெஸ்டர் புத்தி அப்படிப்பட்டதில்லை. குறை கிடைக்கவில்லை என்றால் நாம் சரியாகத் தேடவில்லை என்றுதான் அது சொல்லும். ஆகவே வேறு இடங்களில் தேடினேன். 'உதைத்த பந்தின் பின்னால் ஓடும்போது கடைசி ஆள் நீதான்.' 'தொடை பெருத்துவிட்டது.' 'வெளியே நிற்கும்போது கோச் பக்கத்தில் நிற்பதில்லை, தண்ணீர் டிரம் பக்கத்தில் நிற்கிறாய்.' 'தோற்ற பிறகு எதிராளியைக் கட்டிப்பிடித்துச் சிரிக்கிறாய். தரம் ஒன்று.' இதையெல்லாம் எழுதும்போது எனக்குள் ஒரு சுறுசுறுப்பு வந்தது உண்மை. கொஞ்சம் சிரித்துக்கொண்டே எழுதினேன்.

அக்டோபரில் அவர்களுக்கு ஒரு வாரம் ஆட்டம் இல்லை. ஆளுக்கொரு பதார்த்தம் சமைத்துக் கொண்டுவரும் தீபாவளி பாட்லக் அந்த ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில்தான். மகனும் வந்திருந்தான். பின்பக்கத்து முற்றத்தில் முப்பது பேர் இருந்தார்கள். தட்டில் பிசிபேளாவும் வடையுமாக நின்றுகொண்டிருந்த நண்பர் ஒருவர், "தம்பி டீம்ல என்ன பண்றாப்ல?" என்று என்னிடம் கேட்டார். மகன் ஐந்தடி தூரத்தில் யாருக்கோ நாற்காலி விரித்துப் போட்டுக்கொண்டிருந்தான்.

"மத்தவங்க பசங்க எல்லாம் தலை நிமிர்ந்து நிக்கிறாங்க. என் பையன் நாலு வருஷமா ஊருக்கு முன்னாடி குனிஞ்சு பின்பக்கத்தைக் காட்டிட்டு நிக்கிறான். அதுக்கு ஒரு காலேஜு" என்றேன்.

எல்லோரும் சிரித்தார்கள். யாரோ அதே சமயம் போட்டோ எடுத்தார்கள். நானும் வாய் நிறையச் சிரித்தேன். மகன் நாற்காலியை விரித்து, அது ஆடாமல் நிற்கிறதா என்று அழுத்திப் பார்த்துவிட்டு உள்ளே போனான். தமிழ் படிக்கத் தெரியாதே தவிர, காதில் விழுந்தால் ஒரு சொல்கூட விடாமல் புரியும். அன்று சாயங்காலமே கிளம்பிவிட்டான். அவனுடைய அம்மா கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் ஏதோ பேசிக்கொண்டிருந்தாள்.

கடைசி ஆட்டம் நவம்பரில், அவர்கள் மைதானத்திலேயே. அதற்கு சீனியர் டே என்று பெயர். படிப்பு முடிக்கப்போகிற ஒவ்வொரு ஆட்டக்காரனும் ஆட்டத்துக்கு முன்னால் அம்மா ஒரு பக்கம், அப்பா ஒரு பக்கமாகக் கைகோத்து மைதானத்தின் நடுவரை நடப்பான். மைக்கில் பெயர் சொல்வார்கள். யார் யார் நடக்கிறார்கள் என்று எழுதிக் கொடுக்க வேண்டிய தாளில் அவன் எங்கள் இரண்டு பேர் பெயரையும் எழுதியிருக்கிறான் என்று மனைவி சொன்னாள். "இதுக்காவது வருவீங்களா?" என்று கேட்டாள். அவள் குரல் அப்படி இருந்ததை நான் கேட்டதில்லை. வருகிறேன் என்றேன்.

போகிற வழியெல்லாம் எனக்கு நல்ல மனசுதான். செப்டம்பருக்குப் பிறகு அவன் ஒரு பந்தைக்கூடக் கெடுக்கவில்லை என்றால், அதில் என் பட்டியலுக்குப் பங்கில்லையா? அதனால் இன்றைக்கு ஒரு நல்ல வார்த்தை சொல்லிவிடலாம் என்று முடிவு செய்திருந்தேன். என் அகராதியில் பெரிய பாராட்டு 'பரவாயில்லை' என்பதுதான். அதற்கு ஒரு படி மேலே போய், 'நல்லா பண்ணினடா' என்று சொல்வதாக உத்தேசம். ஆட்டம் முடிந்த பிறகு சொல்லலாம், முன்னாலேயே சொன்னால் தலைக்கு ஏறிவிடும் என்று தள்ளிவைத்தேன்.

போனதும் கோச் வந்து கை கொடுத்தார். சீனியர் அப்பா அம்மாக்களை உடுப்பு மாற்றும் அறைக்கு உள்ளே கூட்டிப்போய்க் காட்டுவது வழக்கமாம். வாசலுக்குப் பக்கத்தில் அந்தப் பழைய டீமின் போட்டோ மாட்டியிருந்தது. பன்னிரண்டு பேர், கம்பளி ஸ்வெட்டர். நடுவில் பந்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவனின் மூக்கு ஒரு பக்கமாகக் கோணியிருந்தது. அடுத்து, நாற்பது அடிக்கு ஒரு சுவர்.

சுவரின் மேலே பெரிய எழுத்தில் 'எதிரணி சொன்னவை' என்று எழுதியிருந்தது. கீழே ஒவ்வொரு எதிர் டீமின் சின்னமும், அதன் அடியில் அவர்கள் சொன்னதும். ஒரு கோச் பேட்டியில் சொன்னது, ஓர் ஆட்டக்காரன் போனில் போட்டது, எல்லாம் அச்சடித்து ஒட்டியிருந்தன. நடுவில், மற்ற எல்லாவற்றையும்விட அதிக இடத்தை அடைத்துக்கொண்டு, ஒன்பது தாள்கள். கட்டம் போட்டது, நம்பர் போட்டது. தரம் ஒன்று, தரம் இரண்டு. மூலைகள் அழுக்கேறி, உள்ளங்கை பட்டுப் பட்டுக் கறுத்து, கிழிந்த இடத்தில் டேப் ஒட்டி, அதன்மேல் மறுபடி டேப். அதற்கு மேலே சின்னம் இல்லை. தீபாவளி அன்றைக்கு எடுத்த போட்டோவிலிருந்து கத்தரித்த என் முகம் இருந்தது. வாய் நிறையச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

முதலில் எனக்குப் புரியவில்லை என்று பொய் சொல்லலாம். புரிந்தது. நொடியில் புரிந்தது. அந்தக் கதையை எனக்குத்தான் மூன்று வருஷத்துக்கு முன்னாலேயே சொல்லியாயிற்றே.

கதவை அடைத்துக்கொண்டு நிற்கும் அளவுக்கு ஒரு பையன் வந்து, "சார், நீங்கள்தானா அவர்?" என்று இங்கிலீஷில் கேட்டான். டெக்ஸாஸ் பிள்ளைகள், மரியாதைக்குக் குறைவில்லை. "ஏழாவது தாள், நான்காவது நம்பர். 'தோற்ற பிறகு சிரிக்கிறாய், தரம் ஒன்று.' வெளியே ஓடுவதற்கு முன் எல்லோரும் சேர்ந்து அதைச் சத்தமாகச் சொல்வோம், சார். எங்களுக்கு ரொம்ப உதவியாக இருக்கிறது" என்றான். பின்னால் இருந்த பையன்கள் தலை குனிந்து ஷூ கட்டிக்கொண்டிருந்தார்கள். இரண்டு பேருக்குத் தோள் குலுங்கியது. என் ஆபீசில் கேலி செய்வது எப்போதும் நானாக இருந்ததால், கேலிக்கு ஆளாகும்போது கையை எங்கே வைத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. பாக்கெட்டில் வைத்துக்கொண்டேன்.

மனைவியைப் பார்த்தேன். "எனக்கு செப்டம்பர்லயே தெரியும்" என்றாள். "சொல்லியிருக்கலாம்ல?" என்றேன். "சொன்னா நீங்க நிறுத்திடுவீங்க. நிறுத்த வேண்டாம்னு அவன்தான் சொன்னான்."

மைதானத்தில் நடந்தோம். மகன் தோள்கவசம் போட்டுக்கொண்டு என்னைவிட ஒரு முழம் உயரமாக இருந்தான். என் முழங்கையை, மருத்துவமனையில் வயதானவரைப் பிடித்துப் போவதுபோல், சரியான அழுத்தத்தில் பிடித்திருந்தான். மைக்கில் எங்கள் பெயர்களைத் திணறித் திணறிப் படித்தார்கள். பிறகு அவன் எழுதிக் கொடுத்த வரி வந்தது: வாராவாரம் நாலு மணி நேரம் ஓட்டி வந்த அம்மாவுக்கு நன்றி, ஒரு குறையையும் விட்டுவிடாத அப்பாவுக்கு நன்றி. கூட்டம் கைதட்டியது. வரிசையில் நின்ற டீம் மட்டும் கத்தி, விசில் அடித்து, காலால் தரையை உதைத்தது. மகன் காமிராவைப் பார்த்துச் சிரித்தான், நானும் சிரித்தேன். அந்தப் போட்டோ ஹாலில் மாட்டியிருக்கிறது.

ஆட்டத்தை முதல்முறையாக நேரில் பார்த்தேன். நெட்டில் காட்டும் காமிரா எப்போதும் பந்தோடு போகும். பந்து பின்னால் பறந்ததும் திரையும் அதோடு போய்விடும், உதைப்பவனைக் காட்டும். பந்தை விட்ட பிறகு என் மகனுக்கு என்ன ஆகிறது என்பதை நான் ஒன்பது ஆட்டத்தில் ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. இங்கே என் கண் அவன்மேலேயே இருந்தது. அவன் குனிந்து எறிந்தான். தலை இன்னும் கால்களுக்கு நடுவிலேயே இருக்க, எதிரே நின்ற இரண்டு மலைமாடுகள் அவன் கழுத்திலும் தோளிலும் போய் விழுந்தன. அவன் மடங்கினான். எழுந்தான். இடது கையை உதறினான். பந்தின் பின்னால் ஓடினான், கடைசி ஆளாக.

ஏன் தலையைத் தூக்கவில்லை என்று எனக்குள் கேட்டுக்கொண்டேன். பக்கத்தில் மனைவி குரல் ஏறாமல் சொன்னாள்: "முன்னாடி எல்லாம் சீக்கிரம் தூக்கிடுவான். இடிக்க வர்றவனைப் பார்த்துத் தோளைக் குடுத்துப்பான். உங்க முதல் list வந்த பிறகு அதை மாத்திக்கிட்டான்."

அன்று எட்டுத் தடவை எறிந்தான். எட்டும் நேராகப் போயின. எட்டுத் தடவையும் அவன் கழுத்தில் விழுந்ததை எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். மூன்றாவதற்குப் பிறகு இடது கையை உதறுவதை நிறுத்திவிட்டான், அது உடம்போடு சும்மா தொங்கியது. ஜெயித்தார்கள். எல்லோரும் மைதானத்துக்குள் ஓடினார்கள். நானும் படியிறங்கிப் போனேன், வழியெல்லாம் அந்த ஒரு வாக்கியத்தை வாய்க்குள் வைத்துக்கொண்டு.

அவன் உள்ளே போய் ஒரு பெரிய கவரோடு வந்தான். வலது கையால் நீட்டினான். இடது கையை ஜெர்சிக்குள் செருகியிருந்தான்.

"நல்லா பண்ணினடா" என்றேன்.

"Thanks, Appa. ஆனா இதை wall-ல ஒட்ட முடியாது. Season முடிஞ்சிருச்சு" என்றான். கோபம் இல்லை. எனக்கோ அந்த நேரத்தில் அவன் கோபம்தான் வேண்டியிருந்தது.

"கை என்னடா ஆச்சு?"

"தலையைத் தூக்கலை, அதான்." கவரை என் கையில் வைத்தான். "இது உங்களோடது."

திரும்பும்போது மனைவிதான் ஓட்டினாள். ஃப்ரீவேயில் சேரும்போது அவள் யாரையும் கூப்பிடவில்லை. நான் கவரைப் பிரித்தேன். ஒன்பது தாள், ஒவ்வொன்றின் ஓரத்திலும் அறுபது எழுபது கையெழுத்துகள். என் குறைகள் ஒவ்வொன்றின் எதிரிலும் கடைசிக் கட்டத்தில், நான் பூர்த்தி செய்யாமல் விட்டிருந்த இடத்தில், அவன் தன் கையால் 'க்ளோஸ்டு' என்று எழுதியிருந்தான். தலையைத் தூக்குவது, க்ளோஸ்டு. தொடை, க்ளோஸ்டு. சிரிப்பு, க்ளோஸ்டு. டெஸ்டரைக் கேட்காமல் எதையும் க்ளோஸ் பண்ணக்கூடாது என்று அந்த நிலையிலும் எனக்குத் தோன்றியது, அதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

ஒன்பதாவது தாளின் அடியில் ஒரு வரி கூடுதலாக இருந்தது. நான் எழுதியது இல்லை. இங்கிலீஷ் எழுத்தில் தமிழை எழுதியிருந்தான், திக்கித் திக்கி, எழுத்துக் கூட்டி. 'என் பையன் நாலு வருஷமா ஊருக்கு முன்னாடி குனிஞ்சு பின்பக்கத்தைக் காட்டிட்டு நிக்கிறான்.' மற்ற எல்லாவற்றையும் டீம் முழுவதும் படித்தது. இதை மட்டும் அவன் மொழிபெயர்க்கவில்லை, அவர்களில் ஒருவனுக்கும் புரிந்திருக்காது. தரம், ஒன்று. குறை யாருடையது என்ற இடத்தில் 'அப்பா'. நிலைமை, 'வோன்ட் ஃபிக்ஸ்'. அதற்குப் பக்கத்தில் ஸ்கேல் வைத்துச் சின்னதாக ஒரு கோடு இழுத்து, டெஸ்டர் கையெழுத்து என்று எழுதியிருந்தான்.

அழுதேன். மனைவி ரேடியோவைக் கொஞ்சம் அதிகமாக வைத்தாள்.

அவன் இடது கையில் கடைசி இரண்டு விரல்களுக்கு இன்னும் உணர்ச்சி முழுதாக வரவில்லை. கழுத்து நரம்பு, வரலாம், வராமலும் போகலாம் என்கிறார்கள். படிப்பு முடித்து இப்போது டல்லாஸ் பக்கம் ஓர் ஊரில் பிசியோ கிளினிக்கில் உதவியாளாகச் சேர்ந்திருக்கிறான். மற்றவர்களின் கழுத்தையும் தோளையும் பிடித்துவிடுகிற வேலை. நான் போன் செய்தால் எடுக்கிறான். சாப்பிட்டியா என்றால் சாப்பிட்டேன் என்கிறான். விரல் எப்படி இருக்கு என்றால் fine என்கிறான். நீங்க எப்படி இருக்கீங்க என்று தவறாமல் கேட்கிறான். ஒரு குறை சொல்ல முடியாது.

அந்தத் தாள் பல மாதம் என் மேஜை இழுப்பறையில் கிடந்தது. கையெழுத்துப் போட எனக்கு மனம் வரவில்லை. சரி செய்துவிடலாம், இன்னும் ஓப்பனில்தான் வைத்திருக்கிறேன் என்று எனக்கு நானே வாதாடிக்கொண்டிருந்தேன். போன வாரம் ஆபீசில் புதிதாக வந்த பையன் ஒருவனுக்கு மெயில் எழுதி, அனுப்பிவிட்டு, சிரித்துக்கொண்டே நாற்காலியில் சாய்ந்தேன். சாய்ந்த பிறகுதான் என் சிரிப்பு என் காதில் விழுந்தது. வீட்டுக்கு வந்து தாளை எடுத்து, அந்தக் கோட்டின்மேல் கையெழுத்துப் போட்டுக் கவரில் வைத்தேன்.

முகவரி எழுதப் பேனாவை எடுத்தபோதுதான், அவன் வீடு மாறியிருப்பது நினைவுக்கு வந்தது. சமையலறையில் இருந்த மனைவியிடம் கேட்டேன். அவளிடம் இருந்தது, போன மாதம்கூட அங்கே போய் வந்திருந்தாள். அடுப்பைக் குறைத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"உங்களுக்குக் குடுக்கலாமான்னு அவன்கிட்ட கேட்டுட்டுச் சொல்றேன்" என்றாள்.